குஷ்பு வழக்கும் வாசகர் கேள்விகளும்

போன இதழில் கருத்துச் சுதந்திரம் பற்றிய ஒரு கேள்விக்குப் பதில் எழுதும்போது, "குஷ்பு மீது போடப்பட்ட 23 வழக்குகளை நினைத்துப் பாருங்கள்" என்று ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த ஒரு வரிக்குத்தான் இந்த முறை அதிகமான கடிதங்கள். சிலர் கோபமாக எழுதியிருக்கிறீர்கள், சிலர் அது என்ன வழக்கு என்றே கேட்டிருக்கிறீர்கள். மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்துவிட்டு, இதை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

"2005-ல் நான் கைக்குழந்தை. குஷ்பு என்றால் எனக்கு டிவியும் அரசியலும்தான் தெரியும். அப்படி என்னதான் சொன்னார் அவர்? அம்மாவிடம் கேட்டால் 'ஏதோ அசிங்கமாப் பேசிட்டாங்க' என்பதோடு பேச்சை முடித்துவிடுகிறார்."
— கல்லூரி மாணவி, கோவை

அம்மாவைக் குறை சொல்ல முடியாது. அன்றைக்குப் பெரும்பாலான வீடுகளுக்குப் போய்ச் சேர்ந்ததே அவ்வளவுதான்.

நடந்தது இதுதான். 2005 செப்டம்பரில் 'இந்தியா டுடே' பத்திரிகை, பெரிய நகரங்களில் இருப்பவர்களின் பாலியல் பழக்கங்கள் பற்றி ஒரு கருத்துக்கணிப்பு வெளியிட்டது. அதையொட்டிப் பலரிடம் கருத்துக் கேட்டார்கள், குஷ்பு அவர்களில் ஒருவர். திருமணத்துக்கு முந்தைய உறவுகள் நகரங்களில் கூடிவருகின்றன, சமூகம் அதை ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்றார். மணப்பெண் கன்னியாகத்தான் இருக்கவேண்டும் என்ற எதிர்பார்ப்பிலிருந்து நாம் வெளியே வரவேண்டும், படித்த ஆண் அப்படி எதிர்பார்க்க மாட்டான் என்றார். கூடவே, அப்படி உறவு வைத்துக்கொள்ளும் பெண்கள் வேண்டாத கர்ப்பமும் பால்வினை நோயும் வராமல் தங்களைக் காத்துக்கொள்ள வேண்டும் என்றும் சொன்னார். இந்தக் கடைசிப் பகுதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் பிறகு நடந்த சண்டையில் முதலில் காணாமல் போனது அதுதான்.

செப்டம்பர் 24 அன்று 'தினத்தந்தி'யில் இது குறித்து ஒரு செய்தி வந்தது, பத்திரிகையாளர் கேட்பது போலவும் குஷ்பு பதில் சொல்வது போலவும். அதில் இருப்பதை நான் சொல்லவே இல்லை என்று மறுத்து அக்டோபர் 2 தேதியிட்டு அவர் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினார். ஆனால் அதற்குள் தெரு பற்றிக்கொண்டுவிட்டது. பாட்டாளி மக்கள் கட்சி, விடுதலைச் சிறுத்தைகள் ஆகிய இரண்டு கட்சிகளையும் சேர்ந்தவர்கள் போராட்டத்தில் முன்னால் நின்றார்கள். கையில் துடைப்பமும் செருப்புமாகப் பெண்களை நிறுத்தினார்கள், உருவபொம்மை எரித்தார்கள், தமிழ்ப் பெண்களை அவமானப்படுத்திவிட்டார் என்றார்கள். கொஞ்ச நாள் முன்புதான் ஒரு இயக்குநர் நடிகைகளைப் பற்றி இழிவாகப் பேசி, நடிகர் நடிகைகள் எல்லாம் திரண்டு அவரை மன்னிப்புக் கேட்க வைத்திருந்தார்கள். அதில் குஷ்புவும் முன்னால் நின்றார். அந்தக் கசப்பும் இதில் கலந்திருந்தது என்பதை அந்த நாட்களில் செய்தி படித்த யாரும் மறந்திருக்க மாட்டார்கள்.

அப்புறம்தான் கோர்ட். ஊர் ஊராகப் புகார். மொத்தம் 23, அதில் ஏறக்குறைய எல்லாமே தமிழ்நாட்டில், ஒன்று மட்டும் மத்தியப் பிரதேசத்து இந்தூரில். மேட்டூர் கோர்ட் பிடிவாரண்ட் போட்டது. 2005 நவம்பர் 16 அன்று அவர் நேரில் போய்ச் சரணடைந்து ஜாமீன் வாங்கினார். வாசலில் கறுப்புக்கொடி, முட்டை, தக்காளி வீச்சு. எல்லா வழக்கையும் ரத்துசெய்யச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். 2008 ஏப்ரல் 30 அன்று, ரத்துசெய்ய முடியாது, வேண்டுமானால் எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்து எழும்பூரில் விசாரிக்கலாம் என்று தீர்ப்பு வந்தது. அங்கிருந்து உச்ச நீதிமன்றம். 2010 ஏப்ரல் 28 அன்று தலைமை நீதிபதி கே.ஜி.பாலகிருஷ்ணன், நீதிபதிகள் தீபக் வர்மா, பி.எஸ்.சவுகான் ஆகிய மூவரும் 23 வழக்கையும் ரத்து செய்தார்கள்.

நாலரை வருஷம். ஒரு பத்திரிகையில் சொன்ன சில வரிகளுக்கு. அவர் ஜெயித்தார் என்று எழுதுகிறார்கள், எனக்கு அந்தச் சொல் ஒட்டவில்லை. குற்றமே இல்லாத ஒன்றுக்கு நாலரை வருஷம் குற்றவாளியாக அலைந்து, கடைசியில் "நீ குற்றம் செய்யவில்லை" என்று ஒரு தாள் வாங்குவதை வெற்றி என்று எப்படிச் சொல்வது?

"அந்த நாளில் மேட்டூர் கோர்ட் பக்கம் நானும் போயிருந்தேன். கட்சி கூட்டிக்கொண்டு போனது உண்மைதான், ஆனால் கோபம் கட்சி கொடுத்ததில்லை. எனக்கு இரண்டு பெண் பிள்ளைகள். பெண்ணைப் பெற்றவன் கோபப்பட்டது தப்பா?"
— வாசகர், சேலம் மாவட்டம்

தப்பில்லை ஐயா. நீங்கள் மனதில் பட்டதை மறைக்காமல் எழுதியதற்கு நன்றி, அதே மாதிரி பதில் சொல்கிறேன்.

கோபப்பட உங்களுக்கு முழு உரிமை உண்டு. அவர் சொன்னது தவறு என்று மேடை போட்டுப் பேசலாம், துண்டுப் பிரசுரம் அடிக்கலாம், அந்தப் பத்திரிகைக்கே பக்கம் பக்கமாக மறுப்பு எழுதலாம். உச்ச நீதிமன்றமும் இதைத்தான் சொன்னது. அவருடைய கருத்தில் கடுமையான வேறுபாடு இருந்தால் பத்திரிகை வழியாகவோ பொதுமேடையிலோ எதிர்த்து வாதாடியிருக்க வேண்டும், கிரிமினல் வழக்கு போட்டிருக்கக் கூடாது என்று. கல்யாணம் நம் நாட்டில் முக்கியமான சமூக அமைப்பு என்பதையும் அதே தீர்ப்பு ஒத்துக்கொள்கிறது. ஆனால் அப்படி நினைக்காதவர்களும் இருக்கிறார்கள், அவர்களைச் சட்டத்தை வைத்து அடக்க முடியாது என்கிறது.

முட்டை வீசியது வேறு. ஒரு பெண் கோர்ட்டின் உத்தரவுக்குக் கட்டுப்பட்டு அதன் வாசலுக்கு வருகிறார், அந்த வாசலிலேயே அவர் மீது கல்லோ முட்டையோ விழுகிறது என்றால் அங்கே அவமானப்பட்டது அவர் மட்டும் இல்லை.

இன்னொன்றும் உங்களிடம் கேட்கிறேன், இரண்டு பெண்களின் அப்பா என்பதால் கேட்கிறேன். இந்தியாவில் முதன்முதலில் எச்.ஐ.வி. தொற்று கண்டுபிடிக்கப்பட்டதே 1986-ல் சென்னையில்தான். 2000-களின் தொடக்கத்தில் ஊரெல்லாம் "புள்ளிராஜாவுக்கு எய்ட்ஸ் வருமா?" என்று எழுதிவைத்திருந்தது உங்களுக்கும் நினைவிருக்கும். பஸ் ஸ்டாண்டு சுவரில் பார்த்திருப்பீர்கள், குழந்தைகள்கூட அதை வாய்ப்பாடு மாதிரிச் சொல்லிக்கொண்டு திரிந்தன. கண்ட இடத்துக்குப் போகும் ஆணைப் பார்த்து "ஜாக்கிரதை" என்று சுவரில் எழுதினபோது அது சுகாதாரம். அதே ஜாக்கிரதையை ஒரு பெண், பெண்களைப் பார்த்துச் சொன்னபோது அது பண்பாட்டுக் குற்றம். அந்தப் புள்ளிராஜாக்களைக் கட்டிக்கொண்ட எத்தனையோ பெண்கள் எந்தத் தவறும் செய்யாமல் அந்த நோயோடு அரசு மருத்துவமனை வரிசையில் நின்றார்கள். தன்னைக் காத்துக்கொள் என்று அவர்களிடம் யாராவது முன்பே வெளிப்படையாகச் சொல்லியிருக்கலாமே என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. நீங்கள் ஒத்துக்கொள்ள வேண்டும் என்று கட்டாயமில்லை.

"சட்டம் படிக்கிறேன். ஒரே பேச்சுக்கு 23 பேர் எப்படி 23 ஊரில் வழக்குப் போட முடிந்தது? எந்தப் பிரிவில் போட்டார்கள், எதனால் நிற்கவில்லை? வகுப்பில் தீர்ப்பின் பெயரை மட்டும் சொல்லிவிட்டுப் போய்விட்டார்கள்."
— மாணவர், மதுரை

நல்ல கேள்வி, பத்திரிகைப் பத்தியில் அடங்குகிற அளவுக்குச் சொல்கிறேன், மிச்சத்தைத் தீர்ப்பில் படித்துக்கொள்ளுங்கள்.

இவை போலீஸ் போட்ட வழக்குகள் இல்லை, தனிநபர் புகார்கள். ஒருவர் நேராகக் குற்றவியல் நடுவரிடம் போய், இன்னார் இன்ன குற்றம் செய்தார் என்று மனு கொடுப்பார். நடுவர் அவரை விசாரித்து, முகாந்திரம் இருக்கிறது என்று நினைத்தால் எதிராளிக்குச் சம்மன் போகும். அவதூறு என்று எடுத்துக்கொண்டால், பத்திரிகை எந்த ஊரில் விற்கிறதோ அந்த ஊரில் வழக்குப் போடலாம் என்ற வாதம் சுலபமாக வந்துவிடும். அப்படித்தான் ஒரே பேச்சு ஊருக்கு ஒரு வழக்கானது.

முக்கியமாகப் போட்டது இ.பி.கோ. 499, 500 என்ற அவதூறுப் பிரிவுகள், பொதுமக்களிடையே கலகம் விளைவிக்கும் பேச்சு என்கிற 505, பெண்களை இழிவாகச் சித்திரிப்பதைத் தடுக்கும் 1986-ஆம் ஆண்டுச் சட்டம். இந்தக் கடைசிச் சட்டத்தை நினைத்தால்தான் மனம் ஆறவில்லை. விளம்பரத்திலும் படங்களிலும் பெண்ணுடம்பைக் கேவலமாகக் காட்டுகிறவர்களிடமிருந்து பெண்களைக் காக்க வந்த சட்டம் அது. அதை ஒரு பெண் சொன்ன கருத்துக்கு எதிராக எடுத்தார்கள்.

ஏன் நிற்கவில்லை? அவதூறு வழக்கை யார் வேண்டுமானாலும் போட முடியாது, பாதிக்கப்பட்டவர்தான் போட முடியும். அன்றைக்கு இருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 199-ஆவது பிரிவு அப்படிச் சொன்னது. ஒரு கூட்டத்தை அவதூறு செய்ததாகச் சொன்னால், அந்தக் கூட்டம் இன்னார் இன்னார் என்று அடையாளம் காட்டக்கூடியதாக இருக்கவேண்டும். 'தமிழ்ப் பெண்கள்' என்பது கோடிக்கணக்கானவர்கள். குஷ்பு யாரையும் குறிப்பிட்டுச் சொல்லவும் இல்லை. புகார் கொடுத்தவர்களில் யாருக்கும் நேரடியாக எந்தப் பாதிப்பும் இல்லை. விசாரணையின்போதே நீதிபதிகள், இந்தப் பேட்டியால் எத்தனை வீடுகள் பாதிக்கப்பட்டன என்று எதிர்த்தரப்பு வக்கீலைக் கேட்டதாகச் செய்திகள் வந்தன. புகார்தாரர்களின் கட்சித் தொடர்பும் உச்ச நீதிமன்றத்தில் பேசப்பட்டது.

தீர்ப்பின் உயிரான இடம் இது: சமூக ஒழுக்கம் பற்றிய எண்ணம் ஆளுக்கு ஆள் மாறுவது, தனிமனிதரின் சொந்த முடிவுகளுக்குள் கிரிமினல் சட்டம் தேவையில்லாமல் நுழையக் கூடாது, ஒழுக்கம் என்பதும் குற்றம் என்பதும் ஒரே பரப்பு அல்ல. இத்தோடு நிற்காமல் கீழ்க் கோர்ட்டுகளுக்கும் ஒன்று சொன்னார்கள். இந்த மாதிரிப் புகார் வந்தால் சம்மன் அனுப்புவதற்கு முன்னால் விசாரித்துப் பாருங்கள், அந்த அதிகாரம் உங்களுக்கு இருக்கிறது என்று. எனக்கு இந்தத் தீர்ப்பில் மிகவும் பிடித்ததும் இதுதான், மிகவும் மறக்கப்பட்டதும் இதுதான்.

"இந்தத் தீர்ப்பால்தான் 'லிவ்-இன்' எல்லாம் சட்டப்படி சரி என்று ஆகிவிட்டதாமே? ராதையையும் கிருஷ்ணரையும் வேறு இழுத்தார்களாமே?"
— வாசகர், தஞ்சாவூர்

தீர்ப்பு புதிதாக எதையும் சரி என்று ஆக்கவில்லை. வயதுவந்த இருவர் விருப்பப்பட்டுச் சேர்ந்து வாழ்வது குற்றம் என்று சொல்லும் சட்டம் 2005-லும் கிடையாது. குற்றமாக இருந்தது ஒன்றுதான், அடுத்தவர் மனைவியோடு உறவு என்ற இ.பி.கோ. 497. அதையும் 2018 செப்டம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றம் நீக்கிவிட்டது. ஆக, குற்றம் அல்லாத ஒன்றைப் பற்றிப் பேசுவது எப்படிக் குற்றம் ஆகும் என்பதுதான் கேள்வியாக இருந்தது.

ராதை, கிருஷ்ணர் பற்றிய பேச்சு 2010 மார்ச்சில் வாதம் நடந்தபோது நீதிபதிகள் வாய்மொழியாகச் சொன்னதாக வந்த செய்தி. அதைப் பிடித்துக்கொண்டு ஒரு வாரம் சண்டை போட்டார்கள். கோர்ட்டில் வாதத்தின் நடுவில் வருகிற பேச்சு வேறு, எழுதிக் கையெழுத்துப் போட்ட தீர்ப்பு வேறு.

"அவர்தான் டிவியில் மன்னிப்புக் கேட்டாரே, பிறகு ஏன் விடவில்லை?"
— இல்லத்தரசி, சென்னை

ஆமாம், ஜெயா டிவியில் கண்கலங்கக் கேட்டார். நீங்கள் கேட்கிற இந்தக் கேள்வியிலேயே பதிலும் இருக்கிறது. மன்னிப்புத்தான் வேண்டும் என்றால் செப்டம்பரோடு முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை, ஏனென்றால் அந்த மன்னிப்புக்குப் பிறகுதான் வழக்குகள் குவிந்தன, மேட்டூரும் அதற்குப் பிறகுதான். அவருக்கு ஆதரவாகப் பேசி, தமிழர்கள் சார்பில் நான் மன்னிப்புக் கேட்கிறேன் என்று சொன்ன சுஹாசினி மீதும் புகார்கள் பாய்ந்தன. பேசியவரைத் தண்டிப்பதோடு, அடுத்து யாரும் பேசாமல் பார்த்துக்கொள்வதும் நோக்கமாக இருந்தது என்றுதான் நான் நினைக்கிறேன்.

"மற்ற நடிகைகளுக்கும் இப்படி நடந்திருக்கிறதா, இல்லை குஷ்பு வாயைத் திறந்தாலே வம்புதானா?"
— வாசகி, விருதுநகர்

குஷ்புவுக்குத் திரும்பத் திரும்ப நடந்திருக்கிறது என்பது உண்மை. 2007-ல் ஒரு படப் பூஜையில் சாமி சிலைகளுக்கு முன்னால் செருப்போடு உட்கார்ந்திருந்தார் என்று புகார். 2013-ல் ஆனந்த விகடன் பேட்டியில், தி.மு.க.வின் அடுத்த தலைவர் யார் என்பதைக் கட்சிதான் முடிவு செய்யும் என்கிற மாதிரிச் சொன்னதற்கு, அவரே இருந்த கட்சிக்காரர்கள் திருச்சியில் செருப்பு வீசினார்கள். ரசிகர்கள் அவருக்குக் கோயில் கட்டினார்கள் என்று நாடு முழுக்கப் பேசப்பட்டதும் அந்தத் திருச்சிப் பக்கம்தான்.

ஆனால் அவரோடு முடிகிற விஷயம் இல்லை இது. ஷில்பா ஷெட்டியைப் பாருங்கள். 2007 ஏப்ரலில் டெல்லியில் ஒரு எய்ட்ஸ் விழிப்புணர்வு மேடை. ஹாலிவுட் நடிகர் ரிச்சர்ட் கெர் எல்லோர் முன்னாலும் திடீரென்று அவரைக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்தார். ராஜஸ்தானிலும் உத்தரப் பிரதேசத்திலும் ஆபாச வழக்கு, முத்தம் கொடுத்தவர் மீது மட்டும் இல்லை, வாங்கியவர் மீதும். ஏன் தள்ளிவிடவில்லை, ஏன் எதிர்ப்புக் காட்டவில்லை என்று. அந்த வழக்கு மும்பைக்கு மாற்றப்பட்டு, 2022 ஜனவரியில்தான் ஒரு மாஜிஸ்திரேட், இந்தப் பெண் இதில் பாதிக்கப்பட்டவராகத்தான் தெரிகிறார் என்று சொல்லி விடுவித்தார். அதற்கும் மேல்முறையீடு போய், 2023-ல் செஷன்ஸ் கோர்ட் அதை உறுதிசெய்தது. எண்ணிப் பாருங்கள், பதினைந்து வருஷத்துக்கு மேல், அவர் செய்யாத ஒரு செயலுக்கு. குஷ்புவின் நாலரை வருஷத்தை நினைத்து ஆதங்கப்பட்டேனே, அதற்கும் மேலே இப்படி ஒன்று.

மலையாளத்தில் பிரியா பிரகாஷ் வாரியர், ஒரு பாட்டில் கண்ணடித்த பெண், அவருக்குக் கொஞ்சம் அதிர்ஷ்டம் இருந்தது. 2018 பிப்ரவரியில் வழக்கு வந்த கையோடு உச்ச நீதிமன்றத்துக்குப் போய்த் தடை வாங்கினார், அதே ஆகஸ்டில் ரத்து ஆனது. நேராக உச்ச நீதிமன்றக் கதவைத் தட்ட முடிந்ததால்தான் ஆறு மாதத்தில் முடிந்தது.

நம் ஊரில் 2023 நவம்பரில் நடிகர் மன்சூர் அலிகான் திரிஷாவைப் பற்றிப் பேசியதும், ஆயிரம் விளக்கு மகளிர் போலீஸ் வழக்குப் பதிந்ததும் உங்களுக்குத் தெரியும். அதைக் கண்டித்ததற்காகத் திரிஷா, குஷ்பு, சிரஞ்சீவி மூவர் மீதும் அவர் மானநஷ்ட வழக்குப் போடப் போனார். சென்னை உயர் நீதிமன்றம் அனுமதி மறுத்து, ஒரு லட்சம் ரூபாய் செலவுத்தொகை கட்டச் சொன்னது. தேவையில்லாத வழக்கை வாசலிலேயே நிறுத்தினால் எப்படி இருக்கும் என்பதற்கு நான் காட்டுகிற உதாரணம் இது.

"குஷ்புவுக்கு இவ்வளவு பரிந்து எழுதுகிறீர்கள். அவர் 'சேரி மொழி' என்று ட்வீட் போட்டபோது எங்கே போனீர்கள்? கஸ்தூரி தெலுங்குக்காரர்களைப் பேசியதும் கருத்துச் சுதந்திரம்தானா?"
— வாசகர், விழுப்புரம்

இந்தக் கடிதம்தான் எனக்கு வந்ததில் கனமானது, அதனால் சுற்றி வளைக்காமல் சொல்கிறேன்.

2023 நவம்பரில் தன்னைத் திட்டியவர்களுக்குப் பதில் சொல்லும்போது, 'உங்கள் சேரி மொழி எனக்கு வராது' என்கிற பொருளில் குஷ்பு எழுதியது தவறு. மன்னிக்க வேண்டிய தவறு இல்லை அது, திருத்திக்கொள்ள வேண்டிய தவறு. சேரி என்பது இந்த மண்ணில் தலித் மக்கள் வாழும் இடம், அதை வசவாகப் பயன்படுத்துவது அங்கே பிறந்த ஒவ்வொரு குழந்தையையும் வசவாக ஆக்குவது. பிரெஞ்சு மொழியில் அதற்கு வேறு அர்த்தம் என்று அவர் கொடுத்த விளக்கம் அந்த வலியை இன்னும் கூட்டியதே தவிரக் குறைக்கவில்லை. அப்போது அவர் தேசிய மகளிர் ஆணைய உறுப்பினர் வேறு. அவர் 2005-ல் பட்ட அவமானத்தை நன்றாக உணர்ந்தவர் என்பதால் எனக்கு இரட்டிப்பு வருத்தம்.

நான் பரிந்து பேசுவது குஷ்பு என்ற ஆளுக்காக இல்லை. தி.மு.க.விலிருந்து காங்கிரசுக்கும் அங்கிருந்து பா.ஜ.க.வுக்கும் அவர் போனதைப் பற்றி எனக்கென்று கருத்து இருக்கிறது, அது வேறு பத்திக்கானது. 2005-ல் அவருக்கு நடந்தது எந்தப் பெண்ணுக்கும் நடக்கக் கூடாது என்பதுதான் என் பேச்சு. இரண்டையும் ஒருவர் ஒரே நேரத்தில் சொல்ல முடியும்.

கஸ்தூரி விஷயம் இன்னும் சிக்கல். 2024 நவம்பர் 3 அன்று எழும்பூரில், அந்தக் காலத்து ராஜாக்களின் அந்தப்புரப் பெண்களுக்குச் சேவை செய்ய வந்தவர்கள் என்று தெலுங்கு பேசும் மக்களைப் பற்றிப் பேசினார். குஷ்பு தன் பேட்டியில் யாரையும் குறிவைக்கவில்லை, வாழ்க்கை முறை பற்றி ஒரு கருத்துச் சொன்னார். இது ஒரு மக்கள் கூட்டத்தின் பிறப்பையே இழிவுபடுத்தும் பேச்சு. முன்ஜாமீனைத் தள்ளுபடி செய்த உயர் நீதிமன்ற மதுரைக் கிளையும் கடுமையாகத்தான் கண்டித்தது. அவர் பேச்சைத் திரும்பப் பெற்றார், இருந்தும் 16-ஆம் தேதி ஹைதராபாத்தில் கைது செய்து கொண்டுவந்தார்கள், 20-ஆம் தேதி ஜாமீன் கிடைத்தது.

வழக்கு நியாயம், கைது தேவையில்லை என்பது என் கருத்து. ஏழு வருஷம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் எடுத்தவுடன் கைது செய்யாதே, முதலில் நோட்டீஸ் கொடு என்று 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எனக்குப் பிடிக்காத பேச்சைப் பேசியவருக்கும் அந்த விதி உண்டு, இல்லையென்றால் நாளைக்குப் பிடித்த பேச்சைப் பேசுகிறவருக்கும் இருக்காது.

"நடிகைக்கு உச்ச நீதிமன்றம் வரை போகக் காசு இருந்தது. எங்கள் ஊரில் ஒரு பெண், பெரிய படிப்பெல்லாம் இல்லை, சாதி மாறிக் கல்யாணம் செய்தவர்களை ஆதரித்து வீடியோவில் பேசினாள். அவதூறு வழக்குப் போடுவோம் என்று மிரட்டுகிறார்கள். அவள் பயந்து வீடியோவை அழித்துவிட்டாள். புதுச் சட்டம் வந்திருக்கிறதே, அதில் இவளைப் போன்றவர்களுக்கு ஏதாவது உண்டா?"
— வாசகி, தென்காசி மாவட்டம்

உண்டு, முழுதாக இல்லாவிட்டாலும் உண்டு. கொஞ்சம் நிதானமாகப் படித்து அந்தப் பெண்ணிடமும் சொல்லுங்கள்.

அவதூறைக் கிரிமினல் குற்றமாக வைத்திருப்பது சரிதான் என்று 2016 மே மாதம் சுப்பிரமணியன் சுவாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதால், அந்தக் கத்தி இன்னும் தொங்குகிறது. இ.பி.கோ.வுக்குப் பதிலாக 2024 ஜூலை 1-லிருந்து நடைமுறையில் உள்ள புதுச் சட்டத்தில் எண் மட்டும் மாறி 356-ஆவது பிரிவாக இருக்கிறது. ஆனால் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ்.-ஸில் 223-ஆவது பிரிவு ஒரு நல்ல மாற்றம். தனிநபர் புகார் வந்தால், குற்றம் சாட்டப்பட்டவர் சொல்வதையும் கேட்காமல் நடுவர் வழக்கைக் கோப்பில் எடுக்கக் கூடாது. 2005-ல் இது இருந்திருந்தால் அந்த 23 ஊரிலும் குஷ்புவின் வக்கீல் முதல் நாளே எழுந்து நின்று, புகார்தாரருக்கு இதில் என்ன பாதிப்பு என்று கேட்டிருக்கலாம். அதனால் கோர்ட்டிலிருந்து அப்படி ஒரு நோட்டீஸ் வந்தால் பயந்து ஒளிந்துகொள்ளாமல், அதைத் தற்காப்புக்குக் கிடைத்த முதல் வாய்ப்பாக எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

வேறு மாவட்டத்தில் போட்டு அலைக்கழிக்கப் பார்த்தால், அந்தக் கோர்ட்டின் எல்லைக்கு வெளியே வசிப்பவருக்குச் சம்மன் அனுப்பும் முன் விசாரிக்க வேண்டும் என்ற கட்டாயம் இருக்கிறது. அப்படியும் சம்மன் வந்துவிட்டால் எக்காரணம் கொண்டும் வாய்தாவைத் தவறவிடக் கூடாது, வாரண்ட் வருவது பெரும்பாலும் அங்கேதான். நேரில் வர முடியாத நிலையில் வக்கீல் மூலம் ஆஜராக அனுமதி கேட்டு மனுப் போடலாம். வழக்கில் அடிப்படையே இல்லை என்றால் ரத்து செய்யச் சொல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம், உங்கள் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை.

காசு? 1987-ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆவது பிரிவுப்படி, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் எல்லாப் பெண்களுக்கும் இலவசமாக வக்கீல் கிடைக்க உரிமை உண்டு. சம்பளச் சான்று, ரேஷன் கார்டு நிறம் எதுவும் இதற்கு அளவுகோல் இல்லை, பெண் என்பதே போதும். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் போய் ஒரு மனு எழுதிக் கொடுக்க வேண்டும், முதலில் போனில் விசாரிக்க 15100 என்ற எண் இருக்கிறது. மிரட்டலை யார், எப்போது, எப்படிச் சொன்னார்கள் என்று தேதியோடு எழுதிவைக்கட்டும், வாட்ஸ்அப்பில் வந்ததை அழிக்க வேண்டாம். கொன்றுவிடுவோம், வீட்டை விட்டுத் துரத்துவோம் என்கிற அளவுக்குப் போனால் அது அவர்கள் செய்யும் குற்றம், புகார் கொடுக்க வேண்டியது இவள்தான்.

அந்த வீடியோவின் பிரதி அவளிடமோ தோழிகளிடமோ இருந்தால் பத்திரப்படுத்தச் சொல்லுங்கள். பேசியது என்ன, பேசாதது என்ன என்பதற்கு அதுதான் சாட்சி, திரித்துப் பரப்பத் தொடங்கினால் கையில் அசல் இருக்கவேண்டும். வீடியோவை மறுபடியும் போடுவதா வேண்டாமா என்பது அவள் முடிவு. நீங்களும் நானும் அவளை அதற்குத் தள்ளவும் கூடாது, தடுக்கவும் கூடாது. சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகும்போது நீங்களும் கூடப் போங்கள்.